கடல் நோக்கிய காவல்: திருகோணமலைக் கோட்டைகளும் சூழவுள்ள ஊர்களும் (1622–1942)

இலங்கையின் கீழைக் கரையில் இயற்கை வகுத்துத் தந்த துறைமுகமாகிய திருகோணமலையைப் பற்றி ஐரோப்பிய மொழிகளில் எழுதப்பட்டவை மிகப் பல. மாலுமிகள் அதன் ஆழத்தை அளந்தனர். பொறியியலாளர் அதனைக் காக்கும் வழிகளை வரைந்தனர். தளபதிகள் அதனை இழந்தபோது இழப்புக்குக் காரணங் கூறி மேலிடத்துக்கு எழுதினர். அவ்வெழுத்துக்களிலே துறைமுகமும் கோட்டையும் நடுவிடம் பெற, அவற்றைச் சூழ்ந்து கிடந்த ஊர்கள் ஓரக் குறிப்புக்களாகவே நின்றுவிட்டன. எதிரி வந்தான், கோட்டை வீழ்ந்தது, வேறொரு கொடி ஏறியது என்ற அளவிலே கதை முடிந்துவிடுகின்றது. ஒரே வழியாக எதிரி மீண்டும் மீண்டும் புகுந்த ஓரிடத்திலே காவலின் பழுது எங்கே இருந்தது, அப்பழுதின் சுமை எவர் தலையில் விழுந்தது என்னும் இரு வினாக்களையும் ஒருங்கே வைத்து நோக்குவது பயனுடைத்து.

முதற்கண் நிலவமைப்பை மனத்திற் கொள்ளல் வேண்டும். கோணேசர் கோயில் அமைந்த சுவாமிமலை கடலுக்குள் நீண்டு செங்குத்தாக முடியும் ஒரு முனை. அம்முனையின் கழுத்துப் பகுதியிலேதான் பிற்காலத்தில் பிரெடரிக் கோட்டை எனப் பெயர் பெற்ற அரண் நிற்கின்றது. அதற்கு வடக்கே உப்புவெளி, நிலாவெளிப் பக்கமாக நீண்ட மணற்கரையுடன் திறந்து கிடப்பது பின்விரிகுடா. தென்மேற்கிலே, குன்றுகளால் மறைக்கப்பட்டு, புறக்கடலின் அலைச்சல் அணுகாது அமைந்திருப்பது உட்துறைமுகம். அதன் வாயிலை நோக்கிய மேட்டிலே ஒல்லாந்தர் ஒசுதன்பேக் கோட்டையைக் கட்டினர். தெற்கே மகாவலி கங்கை வந்து கலக்கும் கொட்டியாரக்குடாவும் அதன் கரையில் மூதூரும் உள்ளன. ஒல்லாந்தர் காலத்திலே இப்பிரதேசம் திருகோணமலைப் பட்டினமும் அதனைச் சார்ந்த ஊர்களும், கொட்டியாரப்பற்று, தம்பலகாமப்பற்று, கட்டுக்குளப்பற்று என நான்காகப் பிரிக்கப்பட்டிருந்தது. நெல் விளைந்தது பெரும்பாலும் பின்னைய மூன்றிலும். பீரங்கி நின்றது முதலாவதிலே. இக்கட்டுரைக்கு உரிய பொருளின் பெரும்பகுதி இவ்வொரு வேறுபாட்டிலே அடங்கிக் கிடக்கின்றது.

இத்துறைமுகத்தின்மீது பிறநாட்டார் கண் விழுந்தமைக்குக் காரணம் ஊர்களின் செல்வம் அன்று, பருவக்காற்றே. சோழமண்டலக் கரையிலே மதராசு முதலிய பட்டினங்களுக்கு அக்காலத்தில் துறைமுகம் இருக்கவில்லை. கப்பல்கள் திறந்த கடலிலேயே நங்கூரமிட்டு நின்றன. ஐப்பசியில் வடகீழ்ப் பருவக்காற்றுத் தொடங்கியதும் அவை அங்கு நிற்றல் இயலாது. பழுது பார்ப்பதற்குப் பம்பாய் வரை சுற்றிச் செல்ல வேண்டும். அதற்குள் அக்கரை எதிரிக்குத் திறந்துவிடும். எப்பருவத்திலும் கப்பல் ஒதுங்கத்தக்க திருகோணமலை எவன் கையில் உள்ளதோ அவனுக்கே வங்கக்கடலில் மேலாண்மை உண்டு என்பது பதினெட்டாம் நூற்றாண்டுக் கடற்படையினர் நன்கறிந்த உண்மை. ஆகவே வந்தவர் எவரும் தம்பலகாமத்து நெல்லுக்காகவோ மூதூர்க் கரையின் மீனுக்காகவோ வந்தவரல்லர். அவர்தம் போர் வேறெங்கோ நடந்தது. அதன் படுகளம் மட்டும் இங்கே அமைந்தது.

கண்டி மன்னன் செனரத்துடன் உடன்பாடு கொண்ட டென்மார்க்கு நாட்டார் ஓவே யேட்டே என்பானின் தலைமையில் 1620இல் இக்கரையை அடைந்தனர். அவர்கள் இங்கு நிலைக்கவில்லை; தரங்கம்பாடியிலேதான் கால்கொண்டனர். எனினும் பிறிதோர் ஐரோப்பியர் கால் வைத்தமையே போர்த்துக்கேயரை விழிப்படையச் செய்தது. தளபதி கொன்சுதந்தீனு டி சா 1622க்கும் 1624க்கும் இடைப்பட்ட காலத்தில் கோணேசர் கோயிலைத் தகர்த்து, அதன் கற்களைக் கொண்டே கோட்டையை எழுப்பினான். சித்திரைப் புத்தாண்டு நாளிலே இறைவன் திருவுலாவாக நகருக்குள் எழுந்தருள, அடியார் கூட்டமும் உடன் சென்றுவிட, அந்தணர் வேடம் பூண்ட போர்த்துக்கேயர் மலைமேல் எஞ்சிநின்றவரைத் தாக்கினர் என்பது வழிவழி வரும் செய்தி. இதற்கு அக்கால ஆவணச் சான்று தேடுவோர் தேடட்டும். இச்செவிவழிச் செய்தி நினைவில் வைத்திருக்கும் நுட்பம் ஒன்று உண்டு: மதிலின் வலிமைக் குறைவால் அன்றி, மக்கள் அங்கு இல்லாத வேளையை எதிரி அறிந்திருந்தமையாலேயே கோயில் வீழ்ந்தது என ஊர் எண்ணிற்று. கோட்டை வாயிலிலே இன்றும் காணப்படும் இணைக்கயற் சின்னமும் தமிழ்க் கல்வெட்டும், அரண் எதனை உண்டு வளர்ந்தது என்பதற்குச் சான்றாக உள்ளன.

கோயிலைக் கோட்டையாக்கிய பதினைந்து ஆண்டுகளிலே அக்கோட்டை கைமாறிற்று. இரண்டாம் இராசசிங்கனின் துணைவராக வந்த ஒல்லாந்தர், அந்தோனியோ கான் என்பானின் தலைமையில் 1639இல் அதனைக் கைப்பற்றினர். பின்னர் அது மன்னனிடம் ஒப்படைக்கப்பட்டு இடிக்கப்பட்டது. இவ்விடிப்பைச் சிலர் பகையுணர்வின் விளைவாக மட்டுமே கருதுவர். அவ்வாறு கொள்வது மன்னனின் மதிநுட்பத்தைக் குறைத்து மதிப்பிடுவதாகும். கோட்டை இருக்குமிடத்துக்கே கோட்டையை விரும்புபவன் வருகிறான். அரணை அகற்றிவிடின் வருபவனுக்குத் தங்குமிடம் இல்லை. நோய்க்கு மருந்து தேடிய மூன்று நூற்றாண்டுகளில் நோயின் முதலையே நாடியவன் இவன் ஒருவனே எனலாம். ஆயின் துறைமுகத்தின் ஆழத்தை எவரும் இடித்தொழிக்க இயலாதாகையால் அம்மருந்தும் நெடுநாள் பலிக்கவில்லை.

கோட்டையின்றியும் காவல் செய்யலாம் என்பதற்குக் கொட்டியாரத்திலே ஒரு நிகழ்ச்சி உண்டு. புயலில் பாய்மரம் இழந்த 'ஆன்' என்னும் ஆங்கிலக் கப்பல் பழுது பார்ப்பதற்காக அக்குடாவை வந்தடைந்தது. கரையவரும் கப்பலாரும் சில காலம் பண்டமாற்றிப் பழகினர். பின்னர், 1660 ஏப்ரிலிலே, மன்னனின் ஆட்கள் கப்பற்றலைவனையும் அவன் மகன் றொபேட் நொக்சையும் மாலுமிகள் பலரையும் நயமாகக் கரைக்கு வரவழைத்துச் சிறைப்பிடித்தனர். ஒரு பீரங்கியும் முழங்கவில்லை. நொக்ஸ் கண்டி நாட்டில் பத்தொன்பது ஆண்டுகளுக்கு மேல் தங்க நேர்ந்ததும், தப்பிச் சென்று 1681இல் நூல் வெளியிட்டதும் யாவரும் அறிந்தவை. அவன் தன்னை வஞ்சிக்கப்பட்டவனாகவே கண்டான், அதில் வியப்பில்லை. ஆனால் 1622இன் நினைவு இரு தலைமுறைக்குள் மறைந்துவிடாத ஒரு கரையிலே, பீரங்கி பூட்டிய கப்பலொன்று நாட்கணக்கில் நங்கூரமிட்டு நிற்பதை அரசனும் குடிகளும் எவ்வாறு கண்டிருப்பர் என்பதையும் நோக்குதல் வேண்டும்.

ஒல்லாந்தர் 1665இல் மீண்டும் வந்து கோட்டையைப் புதுப்பித்தனர். 1672இல் டி லா எய் என்னும் பிரெஞ்சுத் தளபதி பெருங் கப்பற்படையுடன் வந்து, கண்டியரசனின் இசைவோடு குடாவின் தீவுகளிலே காலூன்ற முயன்றான். அவனை வென்றவை ஒல்லாந்தரின் பீரங்கிகள் மட்டுமல்ல; உணவின்மையும் நோயும் ஆகும். சில திங்களில் அவன் புறப்பட்டான். விட்டுச் சென்ற சிறு காவற்படை ஒல்லாந்தரிடம் சரணடைந்தது. ஆயிரக்கணக்கான வாய்களுக்கு உணவளிக்கும் ஆற்றல் அக்கரையின் ஊர்களுக்கு இருக்கவில்லை என்பது இந்நிகழ்ச்சியால் வெளிப்பட்டது. பிற்காலத்தில் எந்தக் கோட்டைத் தலைவனும் மறக்கக்கூடாத இப்பாடத்தைப் பெரும்பாலோர் மறந்தனர்.

ஊர்களின் நிலை யாது? கொட்டியாரத்திலும் திருகோணமலையிலும் வன்னிபங்கள் எனப்பட்ட தலைவர் அதிகாரம் செலுத்தினர். இவர்கள் மலைநாட்டு மன்னனுக்கும் கடற்கரை ஆதிக்கத்தாருக்கும் இடையே இருதலைக் கொள்ளி எறும்பாயினர். ஒருவனுக்குத் திறை கொடுத்தால் மற்றவன் பகை. உப்பும் கருவாடும் மலைக்கு ஏறுவதும், பாக்கு முதலிய பண்டங்கள் கரைக்கு இறங்குவதுமாக இருந்த பழைய வாணிகத் தொடர்பும் துறைகளை ஒல்லாந்தர் தம் பிடிக்குள் கொணர்ந்தபோது நலிவுற்றது. 1766ஆம் ஆண்டு உடன்படிக்கையால் கண்டியரசன் கரையோரம் முழுவதன் மீதும் ஒல்லாந்தரின் இறைமையை ஏற்க நேர்ந்தது. அதன்பின் இவ்வூர்களின் காவலுக்கு ஒல்லாந்தர் ஒருவரே பொறுப்பாயினர்.

அப்பொறுப்பு எவ்வாறு நிறைவேற்றப்பட்டது என்பதை 1782ஆம் ஆண்டு காட்டிற்று. ஐரோப்பாவிலே ஆங்கிலேயருக்கும் ஒல்லாந்தருக்கும் மூண்ட போரின் தொடர்ச்சியாக, நாகபட்டினத்தைக் கைக்கொண்ட கடற்படைத் தலைவன் எட்வேட் ஹியூஸ் சனவரி முதல் வாரத்தில் திருகோணமலைக்கு முன் தோன்றினான். படைகள் கோட்டைக்கு நேரெதிரே இறங்கவில்லை. பீரங்கிக்கு எட்டாத வடபுற மணற்கரையிலே இறங்கின. பட்டினக் கோட்டை சனவரி 5இல் வீழ்ந்தது. ஒசுதன்பேக்கின் பீரங்கிகள் கடலை நோக்கியவை. அதனை மேலிருந்து நோக்கத்தக்க குன்றொன்றோ பின்புறத்தில் இருந்தது. அக்குன்றின் காவலரணை ஆங்கிலேயர் முதலிற் கைப்பற்றினர். சனவரி 11இல் கோட்டையைத் தாக்கி ஏறினர்.

வென்றவர் தாம் எவ்வழியாக வென்றனர் என்பதை நன்கறிவர். அவ்வழியை அடைப்பதே அவர்தம் முதற்கடன் அன்றோ? எட்டுத் திங்கள் கழியவில்லை. பிரெஞ்சுக் கடற்படைத் தலைவன் சவ்றன் ஓகத்து இறுதி வாரத்தில் பின்விரிகுடாவிற்கு வந்தான். அவன் படைகளும் கரையிலே இறங்கின. பீரங்கித் தளம் அமைத்தன. பட்டினக் கோட்டை முதலில் வீழ்ந்தது. ஒசுதன்பேக் அடுத்து வீழ்ந்தது. ஓகத்து 31உடன் யாவும் முடிந்தன. மதராசில் கப்பல்களைச் செப்பனிட்டுப் புறப்பட்ட ஹியூஸ் செப்தெம்பர் 2இல் வந்து சேர்ந்தபோது கோட்டைமேல் பிரெஞ்சுக் கொடி பறந்தது. மறுநாள் நிகழ்ந்த கடற்போரில் எத்தரப்பும் முடிவான வெற்றி பெறவில்லை. ஒக்ரோபரில் பருவக்காற்றுத் தொடங்கவே, ஒதுங்கத் துறைமுகமற்ற ஹியூஸ் பம்பாய்க்குச் செல்ல வேண்டியவனானான். சில நாட் தாமதம் ஒரு கரையின் ஓராண்டுப் போரையே திருப்பிவிட்டது.

இத்துடனும் பாடம் முற்றுப்பெறவில்லை. சமாதானத்தின்பின் ஒல்லாந்தர் துறைமுகத்தை மீளப் பெற்றனர். 1795 ஓகத்திலே கேணல் யேம்சு சிற்றுவேட்டும் கடற்படைத் தலைவன் பீற்றர் றெயினியரும் வந்தனர். ஆங்கிலப் படையை நட்புப் படையாக ஏற்குமாறு கொழும்பிலிருந்து பெறப்பட்ட ஆணை முறைப்படி அமையவில்லை எனத் திருகோணமலைக் காவலர் மறுத்துவிட, முற்றுகை தொடங்கிற்று. 'டயமீட்' என்னும் ஆங்கிலப் போர்க்கப்பல் நீரடிப் பாறையில் மோதி மூழ்கிற்று. இயற்கை செய்த அக்காவலை அரண்கள் செய்யவில்லை. பட்டினக் கோட்டை ஓகத்து 26இலும் ஒசுதன்பேக் 31இலும் பணிந்தன. பதின்மூன்று ஆண்டுகளிலே மூன்று முற்றுகைகள். மூன்றிலும் ஒரே வரிசை. கடல்வழி வரும் கப்பலைத் தடுக்கக் கட்டப்பட்ட அரண்களுக்கு எதிரி தரைவழி வந்தான். ஒன்றுக்கொன்று துணைபுரிய இயலாத இரு கோட்டைகளில் படை பிரிந்து கிடந்தது. துணைக்கு வரவேண்டிய கப்பற்படை வேறெங்கோ நின்றது. மதிலை உயர்த்துவதால் இம்மூன்றில் ஒன்றும் தீராது.

எதிரி இறங்கிய அக்கரையும், அவன் நடந்த அவ்வழியும் ஊர்களுக்கு உரியவை என்பது முற்றுகைக் குறிப்புக்களிலே பெரிதும் இடம்பெறாத செய்தி. சரணடைவு உடன்படிக்கைகள் கோட்டைப் படையினரின் மதிப்பையும் உடைமையையும் பற்றிப் பேசுவன. கரையில் இறங்கிய படைக்குச் சுமை தூக்கியவர், மாடு கொடுத்தவர், விறகும் நீரும் கொணர்ந்தவர் எவரென அவை கூறுவதில்லை. முற்றுகைப் போரின் இயல்பை அறிந்தோர்க்கு விடை கூற வேண்டுவதில்லை.

இவ்விடத்தில் ஒல்லாந்த அதிகாரி ஒருவனைத் தனித்துக் குறிப்பிடுதல் தகும். யாக்கு பாப்ரிசு வான் செண்டன் என்பான் திருகோணமலையின் தலைவனாக இருந்தபோது, 1786இல் சுற்றியுள்ள பற்றுக்களினூடே பயணஞ் செய்து நாட்குறிப்பு எழுதினான். இரு முற்றுகைகள் நிகழ்ந்து நான்கே ஆண்டுகள் கழிந்த காலம் அது. குடிகள் அருகிய ஊர்களையும் பராமரிப்பற்ற குளங்களையும் அவன் கண்டான். பயிர்ச்செய்கையைப் பெருக்கும் வழிகளை ஆராய்ந்தான். கந்தளாய்க் குளத்தின் சிறப்பையும் பழைய இடிபாடுகளையும் நோக்கினான். ஓர் அரணின் வலிமை அதன் களஞ்சியத்தில் உள்ளது, களஞ்சியம் குளத்தில் உள்ளது, குளம் அதனைக் கட்டிக்காக்கும் குடிகளிடம் உள்ளது என்னும் தொடர்பினை அக்கோட்டைக்குப் பொறுப்பாக இருந்தவருள் கண்கொண்டு பார்க்கப் புறப்பட்டவன் இவனே. கம்பனியின் நலனே அவன் நோக்கம் என்பதை மறுப்பதற்கில்லை. எனினும் பீரங்கிகளை எண்ணியவர் பலரிடையே வரம்புகளை எண்ணியவன் ஒருவனாதலின் அவன் நாட்குறிப்பு இப்பிரதேச வரலாற்றுக்கு அருமருந்தாக உள்ளது. ஒன்பது ஆண்டுகளின்பின் ஆங்கிலேயர் வந்தபோது அவன் கண்ட கனவுகள் கனவுகளாகவே இருந்தன.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் பிரித்தானியருக்குக் கடலில் எதிரி இல்லை. ஆதலின் திருகோணமலைக்கும் கதை இல்லை. செலவுச் சிக்கனங் கருதி 1905இல் கடற்படைத் தளம் மூடப்பட்டது. 1914இல் 'எம்டன்' என்னும் செருமானியக் கப்பல் வங்கக்கடலில் உலாவி மதராசின்மீது குண்டு வீசியபோது, தமிழ்மொழிக்குப் புதுச்சொல் ஒன்று கிடைத்தது. கீழைக் கரைக்கு அச்சம் மட்டும் மிஞ்சிற்று. பின்னர் சீனன்குடாவில் நூற்றுக்கு அண்மித்த எண்ணிக்கையான எண்ணெய்த் தாங்கிகள் எழுந்தன, விமானத்தளமும் அமைந்தது.

1942 பெப்ரவரி 15இல் சிங்கப்பூர் வீழ்ந்ததும் திருகோணமலை மீண்டும் முன்னணிக்கு வந்தது. இம்முறை காவலின் குறை கண்ணிலன்று. கண்ட செய்தியைப் பயன்படுத்தியதிலேயே இருந்தது. யப்பானியக் கப்பற்படை ஏப்ரில் முதலாந் தேதியளவில் தாக்கும் எனப் பிரித்தானிய உளவுத்துறை முன்கூட்டியே கணித்தது. தளபதி சொமவில் தன் கப்பல்களைக் கடலில் திரட்டிக் காத்திருந்தான். எதிரி வரவில்லை. கணிப்புப் பிழைத்தது எனக் கருதி, எரிபொருளுக்காகக் கப்பல்கள் பிரிந்தன. 'ஹேர்மிசு' என்னும் விமானந்தாங்கிக் கப்பல் திருகோணமலைக்கு அனுப்பப்பட்டது. கணிப்பு முழுதும் பிழைத்திருக்கவில்லை. நாள் மட்டுமே தவறியிருந்தது. ஏப்ரில் 4இல் கனேடிய விமானி லெனாட் பேச்சல் இலங்கைக்குத் தென்கிழக்கே நகுமோவின் படையைக் கண்டு செய்தி அனுப்பியவுடன் சுட்டு வீழ்த்தப்பட்டுச் சிறைப்பட்டான். மறுநாள், உயிர்த்த ஞாயிறன்று, கொழும்பு தாக்கப்பட்டது. முன்னறிவிப்பு இருந்தும் இரத்மலானையில் விமானங்கள் தரையிலிருக்கும்போதே குண்டுகள் வீழ்ந்தன.

நான்கு நாட்களின்பின் திருகோணமலையின் முறை வந்தது. இங்கே கொழும்பில் நேர்ந்த பிழை நேரவில்லை. ஏப்ரில் 8இல் எதிரிப்படை மீண்டும் காணப்பட்டது. அன்றிரவே துறைமுகத்துக் கப்பல்கள் கடலுக்கு அனுப்பப்பட்டன. 9ஆந் தேதி காலை ஏழு மணியளவில், விமானங்கள் ஏறத்தாழத் தொண்ணூறு மைல் தொலைவில் வரும்போதே, றேடார் கண்டுகொண்டது. சீனன்குடாவிலிருந்து போர் விமானங்கள் உரிய நேரத்தில் மேலெழுந்தன. அவ்வாறிருந்தும் ஏறக்குறைய 130 விமானங்களுக்கு முன் அவை சிறுபான்மையே. விமானத்தளமும் கடற்படைத் தளமும் தாக்குண்டன. 'சகாயிங்' என்னும் சரக்குக் கப்பல் தீப்பற்றிற்று. எண்ணெய்த் தாங்கியொன்று எரிந்தழிந்தது. கடலுக்கு அனுப்பப்பட்ட 'ஹேர்மிசு', தன் விமானங்கள் கரையில் நிற்கத் தனித்துச் சென்று, மட்டக்களப்புக்கு அண்மையில் கண்டுபிடிக்கப்பட்டு மூழ்கடிக்கப்பட்டது. அதற்குத் துணையாக அனுப்பப்பட்ட விமானங்கள் அது மூழ்கிய பின்னரே வந்து சேர்ந்தன. 1782இல் ஹியூசுக்கு நேர்ந்த தாமதம் நாட்களால் அளக்கப்பட்டது; 1942இல் அது நிமிடங்களால் அளக்கப்பட்டது.

படைத்துறை வரலாற்றாசிரியர் இத்தாக்குதலை ஆராயுமிடத்து றேடாரும் விமானங்களும் கப்பல்களுமே பேசப்படுகின்றன. கரையில் வாழ்ந்தோருக்கு அன்றைய காலை வேறுவகையாக விடிந்தது. துறைமுகத் தொழிலாளரும் நகர மக்களும் திரளாக வெளியேறினர். இதனைக் கோழைத்தனம் எனக் கொண்ட அதிகாரிகளும் இருந்தனர். காவற் கப்பல்களையே இருளோடிருளாக வெளியேற்றியவர்கள், அதே விவேகத்தைக் குடிகள் காட்டியபோது குறைகூறியது நகைப்புக்குரியது. எதிரி மீண்டும் பெரும்படையுடன் வரவில்லை. ஆயினும் மார்ச்சு மாதத்தில் இரங்கூன் வீழ்ந்ததோடு பர்மா அரிசி நின்றுவிட்டது. இலங்கை முழுவதும் பங்கீட்டு அரிசிக்குக் காத்திருந்த அவ்வாண்டுகளிலே, வான் செண்டன் நாட்குறிப்பில் எழுதிய குளங்களும் வயல்களும் எத்துணை இன்றியமையாதவை என்பது குண்டுவீச்சைக் காட்டிலும் தெளிவாக உணரப்பட்டது.

ஊர்கள் தமக்கெனக் கைக்கொண்ட காவல்முறை யாது என்பதற்கு ஆவணங்கள் அருமையாகவே விடை தருகின்றன. தம்பலகாமத்து ஆதிகோணநாயகர் கோயில், மலைக்கோயில் தகர்ந்தபின் உள்நாட்டிலே வழிபாடு தொடர்ந்த வரலாற்றோடு இணைத்துப் பேசப்படுகின்றது. கடலினின்றும் விலகி, குளத்தின் நீர் பாயும் வயல்களின் நடுவே கோயிலை அமைத்துக்கொண்டமை தற்செயல் எனக் கொள்வதற்கில்லை. 1950இல் திருகோணமலை நகரிலே கிணறு தோண்டியபோது சோமாசுகந்தர், சந்திரசேகரர், பார்வதி முதலிய செப்புத் திருமேனிகள் நிலத்தடியிலிருந்து வெளிப்பட்டன. போர்த்துக்கேயர் வந்த காலத்தில் எவரோ அவற்றைப் புதைத்திருத்தல் வேண்டும் என்பது பொதுவாக ஏற்கப்படும் கருத்து. அதன்பின் அக்கோட்டையின்மேல் போர்த்துக்கேயர், ஒல்லாந்தர், ஆங்கிலேயர், பிரெஞ்சுக்காரர், மீண்டும் ஒல்லாந்தர், மீண்டும் ஆங்கிலேயர் எனக் கொடிகள் மாறின. குழியைத் தோண்டியவர் பெயரோ, அவர் எவரிடமாவது அவ்விடத்தைக் கூறிச் சென்றாரா என்பதோ எந்த ஏட்டிலும் இல்லை. கோணேசர் கோயில் சுவாமிமலையில் மீளக் கட்டப்பட்டு 1963இல் குடமுழுக்குக் கண்டது. திருமேனிகள் அங்கே எழுந்தருளியுள்ளன.